எதை வைத்துக்கொள்வது என்று பிள்ளையே சொல்லட்டும்

போகிக்கு முந்தைய சனிக்கிழமை, கும்மிடிப்பூண்டியில் எங்கள் வீட்டுப் பரணிலிருந்து பொம்மை மூட்டை இறங்கிவிடும். "பசங்க ஸ்கூலுக்குப் போன நேரத்துல தூக்கிப் போட்டுடு, தெரியவே தெரியாது" என்பார்கள் பக்கத்து வீட்டு அக்கா. எனக்கு அதில் உடன்பாடில்லை. தனக்குத் தெரியாமல் ஒரு பொம்மை காணாமல் போனால், மறுமுறை உடைந்த சக்கரத்தைக்கூடப் பிள்ளை விட்டுக் கொடுக்காது.

சிப்காட் தொழிற்பேட்டை வேலையை நம்பி வாடகைக்கு இருக்கும் எங்களைப் போன்றவர்களுக்கு வீடென்பது இரண்டு அறைதான். அதனால் அளவை நான் சொல்கிறேன்: ஒரு அட்டைப்பெட்டி. அதில் எதை வைப்பது என்பது பிள்ளைகள் பாடு. "எதைத் தூக்கிப் போடலாம்?" என்றால் அழுகைதான் வரும். "எது வேணும், எடுத்து வை" என்றால் உட்கார்ந்து யோசிக்கிறார்கள். போன முறை என் மகள் விலை கூடிய ரிமோட் காரை ஒதுக்கிவிட்டு, ஒரு கை பிய்ந்த துணிப்பொம்மையை எடுத்து வைத்தாள். "இதுக்குக் கை தைச்சுக் குடும்மா" என்றாள். தைத்துக் கொடுத்தேன். விலையைச் சொல்லி அவள் மனதை மாற்றியிருந்தால், தேர்வு அவளுடையதாக இருந்திருக்காது.

பேட்டரி வேலை மட்டும் பெரியவர்களுடையது. அந்தக் காரின் மூடியைத் திறந்தால் கம்பிச்சுருளெல்லாம் வெள்ளைப்பொடி பூத்திருந்தது. பட்டன் பேட்டரி போட்ட பொம்மைகளில் இன்னும் கவனம் வேண்டும். குழந்தை அதை விழுங்கினால் இரண்டு மணி நேரத்துக்குள்ளேயே உணவுக்குழாய் வெந்துபோகலாம். மூடியில் திருகாணி இல்லையென்றால் அந்தப் பொம்மையை வீட்டில் வைக்காதீர்கள், யாருக்கும் கொடுக்கவும் வேண்டாம்.

கொடுப்பதைக் கழுவி, காயவைத்து, உதிரிகள் சரியாக இருக்கின்றனவா என்று பார்த்துக் கொடுங்கள். நாங்கள் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு அங்கன்வாடிக்குப் போகிறோம். வாய்க்குள் போகும் அளவு சின்னத் துண்டுகளை அங்கே தருவதில்லை. திருவள்ளூர் மாவட்டத்துச் செங்கல் சூளைகளுக்கு ஒடிசாவிலிருந்து குடும்பத்தோடு வந்து தங்குகிறவர்கள் உண்டு. அந்தப் பிள்ளைகளுக்குப் பந்தும் சொப்புச் சாமானும் கொடுக்கலாம். யார் கைக்குப் போகிறது என்று கண்ணால் பார்த்த பிள்ளை அதைத் திருப்பிக் கேட்பதில்லை.

உடைந்த பிளாஸ்டிக் காயலான் கடைக்கு, போகி நெருப்புக்கு அல்ல. 2018 போகியன்று புகைமூட்டத்தால் சென்னை விமான நிலையத்தில் விமானங்களே இறங்க முடியாமல் தவித்தன. பி.வி.சி. பொம்மை எரிந்தால் டையாக்சின் என்ற நச்சு கிளம்பும். ஆலைப்புகைக்கு நடுவே வாழும் நாம் அதையும் சேர்த்துச் சுவாசிக்க வேண்டுமா?

புதிதாக வாங்கும்போது ஐ.எஸ்.ஐ. முத்திரையைப் பாருங்கள், 2021 ஜனவரி 1 முதல் அது கட்டாயம். இந்தப் போகிக்கு உங்கள் தெருவில் ஒரு பிளாஸ்டிக் பொம்மையும் நெருப்பில் விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.