இல்லாத கருவியை எழுதப் போகிறவர்களுக்கு

விஞ்ஞானக் கதை எழுத வருகிறவர்கள் பலருடைய முதல் கதையில் ஒரு மர்மக் கருவி இருக்கும். மலைக்குகையிலோ பாழடைந்த கோபுரத்திலோ கிடக்கும். கம்பி கிடையாது. ஒரு கிரகத்திலிருந்து இன்னொரு கிரகத்துக்கு மின்சாரமும் அனுப்பும், செய்தியும் அனுப்பும். எப்படி என்று கேட்டால் முன்னோர் ரகசியம் என்பார்கள். ரகசியமாகவே இருக்கட்டும், எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் வாசகரிடமிருந்து மறைக்கிற விஷயம் எழுதுகிறவருக்காவது தெரிந்திருக்க வேண்டும்.

1. பெயரைக் கடைசியில் வையுங்கள். முதலில், அந்தக் கருவியால் எது முடியாது என்று எழுதிக்கொள்ளுங்கள். அர்சுலா லெ குவின் 1966-இல் 'ரோகனன்ஸ் வேர்ல்ட்' நாவலில் ஆன்சிபிள் என்ற கருவியைக் கொண்டுவந்தார். எத்தனை ஒளியாண்டு தூரமானாலும் செய்தி அந்தக் கணமே போய்ச் சேரும். ஆனால் உயிருள்ள எவரும் ஒளியை முந்திப் போக முடியாது. கதைக்கு வேண்டிய துயரமெல்லாம் இந்த ஒரு தடையிலிருந்தே வந்துவிடுகிறது. பேச முடிகிறவரை நேரில் பார்க்க முடியாது. பார்க்கப் போனால், திரும்பி வரும்போது ஊரில் தெரிந்த முகம் ஒன்றுகூட இருக்காது. அந்தக் கருவிக்கான இயற்பியலை ஒருவன் கண்டுபிடிக்கும் கதையை அவர் எழுதியது எட்டு வருஷம் கழித்து, 1974-இல். அதுவரை விளக்கம் கேட்டு யாரும் புத்தகத்தைத் தூக்கிப் போடவில்லை.

2. சக்தியும் செய்தியும் ஒரே சரக்கு அல்ல. பலர் இடறுவது இங்கேதான், ஆகவே கொஞ்சம் நின்று சொல்கிறேன். விரிந்து பரவும் எந்த அலையும், தூரம் இரண்டு மடங்கானால் கால் பங்காகிவிடும். செய்திக்கு இது பெரிய நஷ்டமில்லை. 1977-இல் கிளம்பிய வாயேஜர் 1 இன்று அனுப்புகிற அலை பூமிக்கு வர 22 மணி நேரத்துக்கு மேல் ஆகிறது. அதன் டிரான்ஸ்மிட்டரின் பலம் 20 வாட் சொச்சம். இங்கே வந்து சேர்வது துளியிலும் துளி. ஆனாலும் 70 மீட்டர் டிஷ் வைத்து அதைப் பிடித்து, பெருக்கி, படித்துவிடுகிறார்கள். பெருக்குவதற்கு வேண்டிய கரண்ட் நம்முடையது. வாயேஜரிலிருந்து வருவது வெறும் அடையாளம். ஆனால் அந்தத் துளியை வைத்து ஒரு பல்பு எரியுமா? சக்தியை அனுப்புகிறவர் போட்டதில் பெரும்பகுதி போய்ச் சேர்ந்தாக வேண்டும். அதற்குக் கற்றையைக் குவிக்க வேண்டும். குவிக்க வேண்டுமானால் இரண்டு பக்கமும் பெரிய பெரிய ஆன்டெனா வேண்டும். 1975-இல் அமெரிக்காவின் கோல்ட்ஸ்டோனில், ஒன்றரை கிலோமீட்டர் தூரத்துக்கு மைக்ரோவேவில் 30 கிலோவாட்டுக்கு மேல் அனுப்பிக் காட்டினார்கள். விண்வெளியிலிருந்து அனுப்ப நாசா போட்ட திட்டத்தில், தரையில் வாங்குகிற ஆன்டெனா மட்டும் பத்து கிலோமீட்டர் அகலம். உங்கள் கதாநாயகன் இடுப்பில் செருகியிருக்கிற தாயத்துக்குள் இவ்வளவும் வருகிறதென்றால், மீதி எங்கே போயிற்று என்று நீங்கள் யோசித்து வைத்திருக்க வேண்டும். போகிற இடமெல்லாம் சூடாகும். சூடு நல்ல கதைப்பொருள்.

3. இரண்டும் சேர்ந்து போகும் நிஜக் கருவிகளைப் போய்ப் பாருங்கள். ஊரே இருட்டில் கிடக்கும்போதும் பழைய லேண்ட்லைன் போனில் டயல்டோன் வருமே, ஏன்? எக்ஸ்சேஞ்சில் உள்ள பேட்டரி வரிசையிலிருந்து 48 வோல்ட், பேச்சு போகிற அதே இரண்டு செம்புக் கம்பியில் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தது. மணி அடிக்க மட்டும் அதைவிட அதிக வோல்ட்டில் ஏசி வரும். லைன்மேன் ஒயரின் உறையைப் பல்லால் கடித்து உரித்துக்கொண்டிருக்கும் சமயம் பார்த்து யாராவது அந்த நம்பருக்குப் போன் செய்தால் வாயில் சுரீரென்று பிடிக்கும். இந்த மாதிரி ஒரு சுரீர் உங்கள் கருவியிலும் இருக்கட்டும்.

மர்மம்தான் வேண்டுமென்றால் லியோன் தெரமின் செய்ததைப் படியுங்கள். 1945-இல் சோவியத் பள்ளிப் பிள்ளைகள் மாஸ்கோவிலிருந்த அமெரிக்கத் தூதருக்கு மரத்தில் செதுக்கிய அமெரிக்க அரசு முத்திரை ஒன்றைப் பரிசளித்தார்கள். தூதர் இல்லத்துச் சுவரில் அது ஏழு வருஷம் தொங்கியது. உள்ளே தெரமின் செய்த ஒட்டுக்கேட்கும் சாதனம். பேட்டரி கிடையாது, ஒயர் கிடையாது. வெளியிலிருந்து ரேடியோ அலையை அதன்மேல் பாய்ச்சினால், அறையில் பேசும் பேச்சுக்கு ஏற்ப ஒரு மெல்லிய தகடு அதிர்ந்து, திரும்பிப் போகும் அலையில் குரல் ஏறிவிடும். அலையை நிறுத்திவிட்டால் வெறும் உலோகம். 1952-இல்தான் கண்டுபிடித்தார்கள். இதைவிட மர்மமாக நாம் எதை எழுதிவிடப் போகிறோம்?

4. பணம் யார் போட்டார்கள் என்று சொல்லுங்கள். நிகோலா டெஸ்லா லாங் ஐலண்டில் 1901-இல் எழுப்பத் தொடங்கிய வார்டன்கிளிஃப் கோபுரம், முதலில் கடல் கடந்து செய்தி அனுப்பத்தான். பிறகு கம்பியில்லாமல் மின்சாரமும் அனுப்புவேன் என்றார். பணம் போட்டிருந்த ஜே.பி. மார்கன் மேற்கொண்டு தர மறுத்துவிட்டார். 1917-இல் கோபுரத்தை இடித்தார்கள். டெஸ்லாவை ஞானியாக்கி, மார்கனை வில்லனாக்கி நூறு கதை வந்தாயிற்று, நூற்றியொன்றாவது வேண்டாம். அந்தக் கோபுரத்தடியில் சம்பளப் பாக்கியோடு காத்திருக்கும் வேலைக்காரனை எழுதினால் நான் படிப்பேன்.

5. கருவியை இயக்குகிறவருக்கு அது எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்திருக்க வேண்டிய அவசியமில்லை. ஐசக் அசிமோவின் 'ரீசன்' 1941-இல் வந்த கதை. விண்வெளி நிலையம் ஒன்று சூரிய சக்தியைக் கற்றையாக்கிப் பூமிக்கு அனுப்புகிறது. கற்றை கொஞ்சம் விலகினாலும் கீழே பல ஊர்கள் கருகிவிடும். அங்குள்ள ரோபோவோ, மனிதர்கள்தான் தன்னைச் செய்தார்கள் என்பதை நம்ப மறுத்து, அந்த இயந்திரத்தையே எஜமான் என்று கும்பிட ஆரம்பிக்கிறது. ஆனால் எலெக்ட்ரான் புயலிலும் கற்றையைக் கொஞ்சமும் விலகாமல் நிறுத்துகிறது. மனிதர்கள் வாதாடிப் பார்த்து, கடைசியில் வேலை நடந்தால் சரி என்று விட்டுவிடுகிறார்கள். ஆயுத பூஜையன்று கண்ட்ரோல் பேனலுக்குச் சந்தனம் குங்குமம் வைக்கிற நமக்கு இது புரியாதா என்ன! உங்கள் குகைக் கருவிக்கு ஒரு பூசாரி இருந்தால் இருக்கட்டும். அவர் வேலையில் சுத்தமானவராக இருக்கட்டும்.

6. விளக்கம் சொல்லும் புரொபசர் வேண்டவே வேண்டாம்.

7. எலெக்ட்ரானிக்ஸ் தெரிந்த சுஜாதா, பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் வேலை பார்த்தவர், 'என் இனிய இயந்திரா'வில் ஜீனோ என்ற ரோபோ நாய்க்குட்டியைத்தான் முன்னால் நிறுத்தினார். அதன் சர்க்யூட் இல்லை, அதன் வாய்த்துடுக்குதான் வாசகர் மனதில் நின்றது. தெரிந்தவரே அப்படி அடக்கி வாசித்தார்.

8. தாமதத்தைக் கணக்குப் போடுங்கள். ஒளி செவ்வாய்க்குப் போக, கிரகங்கள் இருக்கும் நிலையைப் பொறுத்து, 3 முதல் 22 நிமிஷம் ஆகும். பதில் வர இன்னொரு மடங்கு. கருவி இதை மீறுகிறதென்றால் மீறட்டும், முதல் பக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். மீறவில்லையென்றால், "ஹலோ, கேட்கிறதா?" என்று கேட்டவர் பதில் வருவதற்குள் சோறு வடித்து இறக்கிவிடலாம். அந்த நேரத்தில் அவர் என்ன செய்கிறார், யாரை நினைக்கிறார் என்பதற்கு ஒரு பத்தி ஒதுக்குங்கள். கதையை எனக்கு அனுப்பும்போது கருவியின் படம் வேண்டாம். அந்தப் பத்தி எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று மட்டும் குறித்து அனுப்புங்கள்.