சென்னையில் ஓர் அறிவியல் உலா

(இரண்டாம் ஆண்டு இளம் அறிவியல், இயற்பியல் மாணவன்)

சென்னைக்கு வருகிறவர்கள் எதைப் பார்க்கிறார்கள்? மெரினாவில் காலை நனைப்பார்கள், சுண்டல் வாங்கித் தின்பார்கள், வண்டலூருக்குப் போய் வெயிலில் படுத்திருக்கும் புலியைப் பார்ப்பார்கள், தி. நகரில் துணி எடுத்துக்கொண்டு ஊர் திரும்புவார்கள். இவற்றில் தவறு ஒன்றும் இல்லை. ஆனால் வழிகாட்டிப் புத்தகங்களில் பெரிய எழுத்தில் இடம் பெறாத வேறு சில இடங்களும் இந்நகரில் உண்டு. நாம் வகுப்பில் படிக்கும் பாடங்கள் அங்கே கல்லாகவும் கட்டடமாகவும் நின்றுகொண்டிருக்கின்றன. கடற்கரை – தாம்பரம் மின்சார ரயிலில் ஏறிச் சென்ற பருவ விடுமுறையில் நானும் விடுதி நண்பன் ஒருவனும் அவற்றைத் தேடிப் பார்த்தோம். அவற்றுள் ஐந்தினை மட்டும் இக்கட்டுரையில் காண்போம்.

ஒன்பது நிமிடம் எங்கே போயிற்று?

முதல் இடம் நுங்கம்பாக்கம். கல்லூரிச் சாலையில் இன்று மண்டல வானிலை ஆய்வு மையம் உள்ளது. மழைக்காலத்தில் தொலைக்காட்சியில் நாம் அடிக்கடி காணும் அலுவலகம்தான் அது. அந்த வளாகத்துக்குள் ஒற்றைக் கருங்கல் தூண் ஒன்று நிற்கிறது. 1792ஆம் ஆண்டு இங்கே கட்டப்பட்ட சென்னை வானாய்வுக் கூடத்தின் எச்சம் அது. வில்லியம் பெட்ரி என்பவர் 1786இல் தம் சொந்த முயற்சியால் தொடங்கிய ஆய்வுக் கூடத்தைக் கிழக்கிந்தியக் கம்பெனி ஏற்றுக்கொண்டு, மைக்கேல் டாப்பிங் என்பவரைக் கொண்டு இங்கே நிலையாக அமைத்தது. தொலைநோக்கிக் கருவி அசையாமல் இருப்பதற்காக நடப்பட்ட தூண் ஆகையால் அதில் அழகு வேலைப்பாடு எதையும் எதிர்பார்க்கக் கூடாது. ஆனால் தமிழும் தெலுங்கும் உள்ளிட்ட பல மொழிகளில் அதன் மீது எழுத்துகள் பொறிக்கப்பட்டுள்ளன.

இந்தத் தூணுக்கும் நம் கைக்கடிகாரத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. பூமி ஒரு பாகை சுழல 4 நிமிடம் ஆகிறது. சென்னையின் தீர்க்கரேகை ஏறத்தாழ 80¼ பாகை கிழக்கு. 80¼ஐ 4ஆல் பெருக்கினால் 321 நிமிடம், அதாவது 5 மணி 21 நிமிடம் வரும். கிரீனிச்சை விட அவ்வளவு முந்தியது ‘சென்னை நேரம்’. பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் இடைப்பட்டதாக இருந்தமையால் இந்திய ரயில்வேக்கள் இந்நேரத்தையே நெடுங்காலம் பின்பற்றின. 1906 சனவரி முதல் நாள் தொடங்கி 82½ பாகையை அடிப்படையாகக் கொண்ட இந்தியத் திட்ட நேரம் நடைமுறைக்கு வந்தது. அது 5 மணி 30 நிமிடம். ஆகவே நம் கடிகாரத்தில் 12 அடிக்கும்போது சென்னைக்கு இன்னும் நண்பகல் ஆகவில்லை. சராசரியாக ஒன்பது நிமிடம் பொறுக்க வேண்டும். ஐயமுள்ளவர்கள் நம் கல்லூரி மைதானத்தில் ஒரு கம்பை நட்டு, நிழல் மிகக் குறுகும் நேரத்தைக் குறித்துப் பார்க்கலாம். ஆண்டின் நாளுக்கேற்பச் சில நிமிடங்கள் முன்பின்னாக வரும். காரணத்தை நம் பேராசிரியர்களிடம் கேட்டுத் தெரிந்துகொள்க.

விண்மீன்களின் ஒளித்தரத்தைக் கணிக்கும்போது 2.512 என்ற எண்ணைப் பயன்படுத்துகிறோம் அல்லவா? அந்த அளவுகோலை 1856இல் முன்மொழிந்த நார்மன் போக்சன் 1861இல் இந்த ஆய்வுக் கூடத்துக்குத் தலைவராக வந்தவர். வந்த ஆண்டிலேயே ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்து அதற்கு ‘ஏசியா’ என்று பெயரிட்டார். அவரிடம் உதவியாளராக இருந்தவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் மரபில் வந்த இவர், 1867இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்தார். இன்றும் அது ‘ஆர் ரெட்டிகுலி’ என்ற பெயரில் வானியல் பட்டியல்களில் உள்ளது. 1874ஆம் ஆண்டு வெள்ளிக்கோள் கதிரவனைக் கடந்து சென்ற நிகழ்ச்சியைப் பொதுமக்களுக்கு விளக்க ஆங்கிலத்திலும் இந்திய மொழிகள் சிலவற்றிலும் சிறுநூல் எழுதினார். கண்டதைத் தம் மக்களுக்குச் சொல்ல வேண்டும் என்று அன்றே நினைத்த அவரை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

மலையடிவாரத்தில் ஒரு சங்கிலி

அடுத்து நாங்கள் இறங்கிய நிலையம் பரங்கிமலை. படிகள் ஏறி மேலே சென்றால் தோமையார் தேவாலயத்தைப் பலரும் காண்பர். அதே மலை மேல் லாம்டன் என்பவரின் மார்பளவுச் சிலையும் உண்டு. அதன் முன் நின்று படமெடுத்துக்கொள்வார் இல்லை.

1802 ஏப்ரல் 10ஆம் நாள் இம்மலைக்கு அருகிலுள்ள சமவெளியில் வில்லியம் லாம்டன் ஒரு நேர்கோட்டை அளக்கத் தொடங்கினார். கோட்டின் நீளம் சுமார் ஏழரை மைல். அதை அளந்து முடிக்க மே 22 வரை ஆயிற்று. இந்தியாவின் மாபெரும் முக்கோண நிலஅளவைக்கு இதுவே அடிக்கோடு. ஒரு பக்கமும் இரு கோணங்களும் தெரிந்தால் முக்கோணத்தின் மற்ற இரு பக்கங்களையும் கணக்கிடலாம் என்பது பள்ளிக்கூடத்தில் படித்ததுதான். அதை வைத்துக்கொண்டு முக்கோணத்தின் மேல் முக்கோணமாக அடுக்கிக்கொண்டே போய், பல்லாண்டுகளுக்குப் பின் இமயத்தை எட்டினார்கள். பிற்காலத்தில் எவரெஸ்ட் என்று பெயர் பெற்ற சிகரத்தின் உயரமும் இந்த அளவைப் பணியின் தொடர்ச்சியாகவே கணிக்கப்பட்டது.

இதில் இயற்பியல் எங்கே இருக்கிறது என்று கேட்கலாம். லாம்டன் பயன்படுத்தியது 100 அடி நீளமுள்ள எஃகுச் சங்கிலி. எஃகின் நீள்விரிவு எண் ஒரு செல்சியஸ் பாகைக்கு ஏறத்தாழ 0.000012. காலைக்கும் நண்பகலுக்கும் 10 பாகை வேறுபாடு என்று வைத்துக்கொண்டால் சங்கிலி 0.012 அடி நீளும்; ஓர் அங்குலத்தில் ஏழில் ஒரு பங்கு. இது ஒரு பொருட்டா எனலாம். ஆனால் ஏழரை மைலுக்கு அச்சங்கிலியை 400 முறை வைக்க வேண்டும். 0.012ஐ 400ஆல் பெருக்கினால் கிட்டத்தட்ட ஐந்து அடி! அடிக்கோட்டில் ஐந்து அடி பிழை இருந்தால் அது ஒவ்வொரு முக்கோணத்துக்கும் அதே விகிதத்தில் பரவும். அதனால்தான் சங்கிலியை மரப்பெட்டிகளில் கிடத்தி, நிழல் கட்டி, வெப்பமானி வைத்துப் பார்த்துத் திருத்தம் செய்தார்கள். ஏப்ரல், மே வெயிலில் சங்கிலிக்கு நிழல் கிடைத்தது. அதைத் தூக்கி வைத்தவர்களுக்குக் கிடைத்ததா?

கோணம் அளக்கும் பெரிய தியோடலைட்டு அரை டன் எடை. 1808இல் தஞ்சைப் பெரிய கோயிலின் கோபுரத்தில் அதை ஏற்றும்போது கயிறு அறுந்து கருவி மோதிச் சிதைந்தது. லாம்டன் தம் கையாலேயே அதைச் சீர் செய்தார் என்று வரலாறு சொல்கிறது. கயிறு பிடித்தவர்களின் பெயர்களை அது சொல்லவில்லை.

பல்லாவரத்துக் கல்

பரங்கிமலைக்குத் தெற்கே சில நிலையங்கள் தாண்டினால் பல்லாவரம். 1863 மே 30ஆம் நாள் நிலவியல் அறிஞர் இராபர்ட் புரூஸ் பூட் இங்கே ஒரு சரளைக் குழியில் கைக்கோடரி ஒன்றைக் கண்டெடுத்தார். மனிதன் செய்த பழைய கற்காலக் கருவி என்று இந்தியாவில் இனங்கண்டு கொள்ளப்பட்ட முதல் கருவிகளுள் அது வைத்து எண்ணப்படுகிறது. அதே ஆண்டில் அதிரம்பாக்கத்திலும் அவரும் அவருடைய நண்பர் கிங்கும் இத்தகைய கருவிகளைக் கண்டார்கள். அதிரம்பாக்கத்துக் கருவிகளில் மிகப் பழையவற்றின் வயது 15 இலட்சம் ஆண்டு இருக்கலாம் என 2011இல் ஆய்வாளர்கள் வெளியிட்டனர். பூட் சேகரித்தவை எழும்பூர் அரசு அருங்காட்சியகத்துக்கு வந்து சேர்ந்தன. எழும்பூரும் இதே ரயில் பாதையில்தான் இருக்கிறது.

பல்லாவரத்தின் மலைக்கல்லும் உலகப் புகழ் பெற்றது. கல்கத்தாவில் ஜாப் சார்னாக் என்பவரின் கல்லறை மேல் உள்ள கல் இந்த வகையைச் சேர்ந்தது. அதை ஆராய்ந்த தாமஸ் ஹாலந்து, 1893இல் இக்கல்லுக்குச் ‘சார்னகைட்’ என்று பெயரிட்டார். பல்லாவரத்தில் இப்பாறையைத் தேசிய நிலவியல் சின்னமாக அறிவித்திருக்கிறார்கள். ஏறத்தாழ 250 கோடி ஆண்டு வயதுள்ள பாறை இது.

இந்த இடத்தில் என் குடும்பச் செய்தி ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. என் தந்தை கல்குவாரியில் வேலை செய்கிறவர். எங்கள் வீட்டில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். எங்கள் ஊர்க் கல்லும் சார்னகைட் இனம்தான் என்று பேராசிரியர் ஒருவர் சொல்லக் கேட்டு, ஊருக்குப் போனபோது அப்பாவிடம் சொன்னேன்.

“இதுக்கு வெள்ளைக்காரன் தனியா பேரு வச்சிருக்கானா?” என்று அவர் சிரித்தார். “இந்தக் கல்லு சுத்தியலையே திருப்பி அடிக்கும்ப்பா. ஏடு ஏடா பிளக்காது. எந்தப் பக்கம் இடம் கொடுக்கும்னு தட்டிப் பார்த்துத்தான் உளி வைக்கணும்.”

அடுக்கு இல்லாத பாறை. மிகுந்த வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருவானமையால் கனிமத் துகள்கள் ஒன்றோடொன்று இறுகப் பின்னியிருக்கின்றன. ஆகவே எளிதில் பிளவுபடாது. இவ்வாறு நூலில் படித்தேன். அப்பா சொன்னதும் அதுவே. ஒன்று எழுத்தில் இருக்கிறது. மற்றொன்று கையில் இருக்கிறது. இரண்டாவதை யாரும் எழுதி வைக்கவில்லை என்பதே வேறுபாடு.

கடல் கடந்து வந்த பனிக்கட்டி

மின்சார ரயில் பாதையை விட்டுக் கடற்கரைச் சாலைக்கு வருவோம். விவேகானந்தர் இல்லம் எனப்படும் கட்டடத்துக்கு மற்றொரு பெயர் ஐஸ் ஹவுஸ். 1897 பிப்ரவரியில் விவேகானந்தர் இங்கே ஒன்பது நாள் தங்கினார் என்பது பலரும் அறிந்ததே. அதற்கு முன் இது என்ன? 1842இல் பனிக்கட்டி சேமிப்பதற்காகக் கட்டப்பட்ட கிடங்கு! அமெரிக்காவின் பாஸ்டன் நகர வணிகர் பிரடெரிக் டியூடர், குளிர்காலத்தில் உறைந்த ஏரிகளை அறுத்துப் பாளம் பாளமாகக் கப்பலில் ஏற்றி அனுப்பினார். 1833இல் கல்கத்தாவுக்குச் சென்ற அவருடைய முதல் கப்பல் ஏறத்தாழ 180 டன்னுடன் புறப்பட்டது. நான்கு மாதம் கடலில் கழித்து, வெப்ப மண்டலத்தைக் கடந்து வந்தும் சுமார் 100 டன் எஞ்சியிருந்தது.

இது எப்படி முடிந்தது? முதலாவது, உள்ளுறை வெப்பம். ஒரு கிராம் பனிக்கட்டி உருக 80 கலோரி தேவை. இரண்டாவது, சுற்றிலும் அடைத்த மரத்தூள். அதனுள் அடைபட்ட காற்று வெப்பத்தை எளிதில் கடத்தாது. மூன்றாவது, குவியலின் அளவு. பக்கத்தை இரு மடங்காக்கினால் கன அளவு எட்டு மடங்காகும். வெளிப்பரப்போ நான்கு மடங்கே. வெப்பம் வெளிப்பரப்பின் வழியாகத்தானே நுழைய வேண்டும்? பின்னர் இயந்திரத்தால் இங்கேயே பனிக்கட்டி செய்யத் தொடங்கியதும் இவ்வணிகம் மறைந்தது. பெயர் மட்டும் உருகாமல் நிற்கிறது.

நான்கு கலங்கரை விளக்கங்கள்

சென்னையில் கலங்கரை விளக்கம் எத்தனை என்று கேட்டால் ஒன்று என்பார்கள். வரலாற்றில் நான்கு. முதலாவது 1796இல் கோட்டையில் எரிந்தது. இரண்டாவது 1844இல் எழுப்பப்பட்ட கருங்கல் தூண். உயர்நீதிமன்ற வளாகத்தில் இன்றும் நிற்கிறது. மூன்றாவது 1894 முதல் உயர்நீதிமன்றக் கோபுரத்தின் உச்சியிலேயே எரிந்தது. நான்காவது 1977 முதல் மெரினாவில் ஒளி வீசுகிறது. ஏன் இத்தனை உயரம் தேடினார்கள்? பூமி உருண்டை என்பதால்தான். மீட்டரில் விளக்கின் உயரத்துக்கு வர்க்கமூலம் கண்டு 3.57ஆல் பெருக்கினால், அடிவானம் எத்தனை கிலோமீட்டர் என்பது கிடைக்கும். 50 மீட்டர் உயரத்துக்கு ஏறத்தாழ 25 கிலோமீட்டர். இரு மடங்கு தொலைவு வேண்டுமானால் நான்கு மடங்கு உயரம் கட்ட வேண்டும்.

முடிவாக

நண்பர்களே! இவற்றைப் பார்க்கப் பெரும் பணம் தேவையில்லை. ரயில் சீட்டும் குடிநீரும் குறிப்பேடும் போதும். அலுவலக வளாகங்களில் மட்டும் முன்கூட்டியே அனுமதி கேட்டுச் செல்ல வேண்டும். நம் துறைகள் ஆண்டுதோறும் நடத்தும் கல்விச் சுற்றுலாவில் ஒரு நாளை இதற்கென ஒதுக்குமாறு பேராசிரியப் பெருமக்களைப் பணிவுடன் வேண்டுகிறேன்.

நம்மில் பலர் முதல் தலைமுறையாகப் படிக்க வந்தவர்கள். அறிவியல் எங்கோ தொலைவில், யாருடைய வீட்டிலோ விளைந்தது என்று நமக்குள் ஓர் எண்ணம் இருக்கிறது. நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். இந்த ஐந்து இடங்களும் வேறு செய்தி சொல்கின்றன. அளந்த சங்கிலியைச் சுமந்தவர்கள், தூணை வெட்டியவர்கள், பனிக்கட்டியைத் துறையிலிருந்து கிடங்குக்கு இழுத்தவர்கள் எல்லாரும் நம் ஊர்க்காரர்களே. கல்வெட்டில் அவர்கள் பெயர் இல்லை. பெயர் எழுதும் எழுத்து இப்பொழுது நம் கையில் இருக்கிறது. இனி அளப்பவரும் நாமாக வேண்டும். சுமந்தவர் பெயரைச் சேர்த்து எழுதுகிறவரும் நாமாக வேண்டும்.