தாண்டுமுன் எண்ணுக!



மாட்டுங்கா ரோடிலிருந்து மின்சார வண்டியில் நான்காவது நிலையம் மகாலட்சுமி. அங்குள்ள பந்தயத் திடலில், 1942இல் தொடங்கிய ‘அமெச்சூர் ரைடர்ஸ் கிளப்’ குதிரையேற்றம் பயிற்றுவித்து வருகின்றது. தடைதாண்டும் போட்டிக்குக் குதிரையை ஆயத்தம் செய்வது எங்ஙனம் என்பதை ஈண்டுச் சுருங்கக் கூறுகிறேன்.

நாள்தோறும் உயரத் தாண்டச் செய்வதே பயிற்சி எனப் பலர் எண்ணுவர். அஃதன்று. மிகுதியாகத் தாண்டினால் முன்கால்களின் தசைநாண்கள் நோகும். ஆதலின் பெரும்பகுதி சமதரைப் பயிற்சியே. தரையில் கழிகளை வரிசையாக இட்டு, அவற்றின்மேல் மெல்லோட்டமாகச் செலுத்தினால், குதிரை காலை அளந்து வைக்கக் கற்கும்.

அடுத்தது கணக்கு. ஓடும் குதிரையின் ஒரு பாய்ச்சல் ஏறத்தாழ 12 அடி; அதாவது நமக்கு 4 தப்படி. போட்டிக்கு முன் வீரர் தடைகளுக்கிடையே நடந்து எண்ணுவார். 24 தப்படி வந்தால், குதிரை இறங்க 2, எழும்ப 2 கழித்து, எஞ்சிய 20ஐ நான்கால் வகுக்க வேண்டும். ஆகப் பாய்ச்சல் 5.

குதிரைக்கு இந்த முன்னோட்டம் இல்லை. களத்தினுள் நுழையும்போதுதான் அது தடைகளைக் காண்கிறது. நெற்றிக்கு நேர்முன்னே அதன் கண்ணுக்கு எட்டாத சிற்றிடமும் உண்டு. வீரரை நம்பியே அது எழும்புகிறது!

தடை விழுந்தால் 4 பிழைப்புள்ளி. முதன்முறை மறுத்தாலும் 4. மீண்டும் மறுத்தால் வெளியேற்றம். கணக்கைத் தவறவிடுபவர் மனிதர். கட்டையில் மோதுவதோ குதிரையின் கால். அக்கால் தயங்கி நின்றால் சவுக்கை ஓங்குதல் முறையாகுமோ? சிறிய தடைக்குத் திரும்பி, நம்பிக்கையை மீண்டும் ஊட்டுவதே நல்ல பயிற்சி என்பேன்.