எந்த அழைப்புக்கு எழுந்து ஓடுவது?

சிறுவன் சாமுவேல் இரவில் தன் பெயர் அழைக்கப்படக் கேட்டு மும்முறை ஏலியிடம் ஓடினான். அழைப்பவர் யாரென உணர வழிகாட்டியவர் அந்த முதியவரே (1 சாமுவேல் 3).

இன்று நம் பிள்ளைகளையும் ஓயாத அழைப்புகள் ஓடவைக்கின்றன. விளையாட்டு நண்பர்கள் உரையாடும் 'டிஸ்கோர்ட்' செயலி 2015இல் வெளிவந்தது. குழுவில் யாரோ எழுத, கைத்தொலைபேசி ஒலிக்கிறது. செபமாலையின் நடுவிலும் பிள்ளையின் கை அதை நாடுகிறது.

பெற்றோரே, தொலைபேசியைப் பறிக்கு முன் பிள்ளையோடு அமருங்கள். குழுவின் அறிவித்தல் பகுதியில் 'எல்லாச் செய்திகளும்' என்பதை விடுத்து, தன்னைக் குறிப்பிடும் செய்திகளை மட்டும் தெரிவுசெய்யலாம். எல்லோரையும் ஒருங்கே அழைக்கும் 'எவ்ரிவன்' அழைப்பையும் அங்கேயே நிறுத்தலாம். படிப்பு வேளையில் 1 மணித்தியாலமும், இரவில் 8 மணித்தியாலமும் குழுவை மௌனமாக்கலாம். நேரம் முடிய அது தானாகவே பழைய நிலைக்குத் திரும்பும். உறவினரின் சாதாரண தொலைபேசி அழைப்பு இதனால் தடைப்படாது. 13 வயதுக்குக் குறைந்தோருக்கோ இச்செயலிக்கு அனுமதியே இல்லை.

தந்தையின் தொலைபேசி ஒலித்துக்கொண்டிருக்கப் பிள்ளையை மட்டும் கண்டிப்பதில் பயனில்லை. ஏலியின் பணி இன்று நம்முடையது.

இவ்வாரத் தீர்மானம்: மாலைச் செப வேளையில் வீட்டிலுள்ள எல்லாத் தொலைபேசிகளும் மௌனமாகட்டும், முதலில் நம்முடையது.