தேயிலையில் கொப்புள நோய்: பழைய மருந்து வேண்டாம்

வால்பாறைப் பகுதியில் தென்மேற்குப் பருவமழை பிடித்ததும் தேயிலையில் கொப்புள நோய் தலைகாட்டும். இளந்தளிரில் முதலில் எண்ணெய் பட்டாற்போல் சிறு புள்ளி தோன்றும். பிறகு இலையின் அடிப்புறம் வெள்ளை பூத்துப் புடைக்கும். முற்றிய இலையை இந்நோய் அண்டாது.

இதற்கு டிரைடிமார்ஃப் என்ற மருந்து வெகுகாலம் அடிக்கப்பட்டது. சில வெளிநாடுகளில் தடையாகி இங்கே புழங்கிய 66 மருந்துகளை ஆராய, 2013-இல் மத்திய அரசு அனுபம் வர்மா தலைமையில் குழு அமைத்தது. அதன் அறிக்கையை ஒட்டி 2018 ஆகஸ்டில் தடையான மருந்துகளுள் டிரைடிமார்ஃபும் ஒன்று. மனிதருக்கும் விலங்குகளுக்கும் ஆபத்து என்பதே காரணம். கொட்டகை மூலையில் பழைய புட்டி கிடந்தால், காசு கொடுத்து வாங்கியதாயிற்றே என்று அடித்துவிடக் கூடாது. அடிப்பவர் உடம்புக்கும் கேடு. கொழுந்தில் எச்சம் தங்கினால் விற்பனைக்கும் இடைஞ்சல்.

மாற்றாக உள்ளது காப்பர் ஆக்சிகுளோரைடு. டிரைடிமார்ஃப் இலைக்குள் ஊடுருவும். தாமிர மருந்தோ இலைமேல் படிந்து, பூஞ்சண வித்து முளைக்காமல் தடுப்பதோடு சரி. எனவே புள்ளி காணும் முன்பே தெளிக்க வேண்டும். புள்ளி விழுந்த தளிரை அது மீட்காது, அடுத்த தளிரைக் காக்கும். மழைக்கு முன் நிழல் மரக் கிளைகளைக் கழித்து வெயில் படச் செய்தால் இலை சீக்கிரம் உலர்ந்து நோய் மட்டுப்படும். மருந்தடித்தபின் லேபிளில் கண்ட நாள் கழியாமல் கொழுந்து பறிக்கலாகாது.

அளவு பற்றிய ஐயத்துக்கு நீரார் அணைப் பகுதியிலுள்ள உபாசி தேயிலை ஆராய்ச்சி நிலையத்தை அணுகலாம்.