முதல் மராத்திப் படமாக எதைப் பார்ப்பது?

மராத்திப் படம் பார்க்கலாம் என்றதும் பலரும் கைகாட்டுவது 'சைராட்' (2016). வசூலில் மராத்தி சினிமா அதுவரை காணாத உயரத்தைத் தொட்ட படம் அது. ஆனால் அதை இயக்கிய நாகராஜ் மஞ்சுளேவின் முந்தைய படமான 'ஃபன்றி'யில் (2013) தொடங்குங்கள் என்பேன்.

ஜப்யா, ஊருக்காகப் பன்றி பிடிக்கும், கைக்காடி என்னும் ஒடுக்கப்பட்ட சாதிக் குடும்பத்துப் பையன். உடன்படிக்கும் ஷாலு மீது ஆசை. ஒருவகைக் கருங்குருவியைப் பிடித்து எரித்துச் சாம்பலை அவள்மேல் தூவினால் மனம் இரங்குவாள் என்று நம்பி, கவணோடு புதர் புதராக அலைகிறான். ஒருநாள் பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்திலேயே குடும்பம் முழுவதும் பன்றியைத் துரத்த வேண்டியதாகிறது. அது சிக்கப்போகும் நேரத்தில் பள்ளியில் தேசிய கீதம் ஒலிக்கிறது. அத்தனை பேரும் அசையாமல் நிற்கிறார்கள். பன்றி தன்பாட்டுக்கு நடந்து போகிறது. அவர்களிடம் மரியாதையைக் கேட்டு வாங்கும் நாடு அவர்களுக்கு என்ன மரியாதை தந்தது என்ற கேள்வி, ஒரு வசனமும் இல்லாமல் நம் முகத்தில் அறைகிறது. கடைசி ஷாட் என்ன என்பதை நீங்களே பாருங்கள்.

'சைராட்' ஏறக்குறைய மூன்று மணி நேரம். முதல் பாதி முழுக்க அஜய்-அதுல் இசையின் துள்ளல். புல்லட்டும் டிராக்டரும் ஓட்டும் ஆர்ச்சியாக ரிங்கு ராஜ்குரு படத்தையே தன் பக்கம் இழுத்துக்கொள்கிறார். காதல் படங்கள் வழக்கமாக முடிகிற இடத்தில், சாதி மீறிக் காதலித்து ஓடிப்போன ஜோடி ஐதராபாத்தில் குடித்தனம் நடத்தத் திணறும் இரண்டாம் பாதி தொடங்குகிறது. படத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது. இதன் இந்தி மறுஆக்கமான 'தடக்' பார்த்துவிட்டோமே என்று இதைத் தவிர்க்காதீர்கள். மூலத்தின் சாதிக் கூர்மை அதில் மழுங்கிவிட்டது. 'சைராட்'டின் முடிவு குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்கக்கூடியது அல்ல.

பொறுமை இருக்கிறவர்களுக்குச் சைதன்ய தம்ஹாணேயின் 'கோர்ட்' (2014). ஒரு சாக்கடைத் தொழிலாளியைத் தன் பாட்டால் தற்கொலைக்குத் தூண்டினார் என்று முதிய நாட்டுப்புறப் பாடகர் மேல் வழக்கு. அரசு வழக்கறிஞர் நீதிமன்றம் முடிந்ததும் பிள்ளையை அழைத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்ச் சமைக்கிறார். கையில்லாத சட்டை போட்டு வந்தாள் என்பதற்காக ஒரு பெண்ணின் வழக்கே தள்ளிப்போகிறது. கேமரா நகராது, வேகம் எதிர்பார்க்கிறவருக்கு அலுக்கும். சட்டம் எப்படி ஆளை அரைக்கிறது என்பதை இவ்வளவு நிதானமாகக் காட்டிய இந்தியப் படங்கள் குறைவு.

வீட்டோடு பார்க்க இரண்டு உண்டு. 'ஷ்வாஸ்' (2004) கண் புற்றுநோயால் பார்வை இழக்கப்போகும் பேரனையும் தாத்தாவையும் பற்றியது. மராத்திக்கு அரை நூற்றாண்டு கழித்துச் சிறந்த படத்துக்கான தேசிய விருதை மீட்டுத் தந்தது, நெஞ்சைப் பிழியும். அவினாஷ் அருணின் 'கில்லா' (2014) இலகுவானது. தந்தையை இழந்த சிறுவன், அம்மாவின் பணிமாற்றத்தால் கொங்கண் கரைக்கு வந்து புது நண்பர்களைத் தேடிக்கொள்கிறான். மழைக்காலக் கடற்கரையையும் பாழடைந்த கோட்டையையும் அவ்வளவு ஈரத்தோடு படம்பிடித்திருக்கிறார்கள். பத்து வயதைத் தாண்டிய பிள்ளைகள் இருந்தால் 'கில்லா'வைப் போடுங்கள்.

ஒரே ஒரு படத்துக்குத்தான் நேரம் என்றால், 'ஃபன்றி'.