கணவர் இறந்த பின் குடும்ப ஓய்வூதியம்: தாமதமானால் என்ன செய்வது?



மேனாம்பேடு, கள்ளிக்குப்பம் பக்கம் பல வீடுகளில் ஆண்கள் அம்பத்தூர் எஸ்டேட் கம்பெனிகளில் வேலை பார்க்கிறார்கள். மாதாமாதம் சம்பளத்தில் பி.எஃப். பிடிக்கிறார்கள். அவர் திடீரென்று இறந்துவிட்டால் அந்தக் குடும்பத்துக்கு என்ன வரும் என்று கேட்டால் பாதிப் பேருக்குத் தெரிவதில்லை. காரியம் முடிந்து கம்பெனிக்குப் போனால் "நாளைக்கு வாம்மா" என்பார்கள். அலைந்து அலைந்து விட்டுவிடுகிறோம். அது தர்மப் பணம் இல்லை, நம் உரிமை.

என்னென்ன கிடைக்கும்?

1995 நவம்பர் 16-இல் வந்த ஊழியர் ஓய்வூதியத் திட்டப்படி, பணியில் இருக்கும்போது இறந்தவருக்கு ஒரு மாதச் சந்தா கட்டியிருந்தாலே போதும், மனைவிக்கு மாத ஓய்வூதியம் உண்டு. 2014 செப்டம்பர் முதல் குறைந்தபட்சம் 1,000 ரூபாய். 25 வயது வரை இரண்டு பிள்ளைகளுக்குத் தலா 25 சதவீதம் தனியாக வரும். இது தவிர பி.எஃப். சேமிப்பும், 7 லட்சம் வரை காப்பீட்டுத் தொகையும் உண்டு.

எப்படிக் கேட்பது?

பி.எஃப். பணத்துக்குப் படிவம் 20, ஓய்வூதியத்துக்கு 10-டி, காப்பீட்டுக்கு 5-ஐ.எஃப். மூன்றையும் சேர்த்துக் கேட்கும் ஒரே படிவமும் இருக்கிறது. இறப்புச் சான்றிதழ், ஆதார், வங்கி பாஸ்புக், பிள்ளைகளின் வயதுச் சான்று தயாராக வையுங்கள். கம்பெனி மூடிவிட்டதா? கவலை வேண்டாம். வங்கி மேலாளர் அல்லது கெஜட்டட் அதிகாரி கையெழுத்து வாங்கலாம். மனு கொடுத்ததும் ஒப்புகைச் சீட்டு வாங்காமல் வரக்கூடாது. நாள் கணக்கு அதிலிருந்துதான் தொடங்கும்.

தாமதமானால்?

குறையில்லாத மனுவை 20 நாளுக்குள் முடிக்க வேண்டும் என்பது விதி. தக்க காரணம் இல்லாமல் தாமதித்தால் 12 சதவீத வட்டி போடலாம். அதை ஆணையரின் சம்பளத்திலிருந்தே பிடிக்கவும் விதியில் இடம் உண்டு. முதலில் எழுத்து மூலம் புகார் கொடுங்கள். மாதந்தோறும் 27-ந் தேதி மாவட்டங்களில் நடக்கும் பி.எஃப். குறைதீர் முகாமுக்கும் போகலாம்.

அப்படியும் நடக்கவில்லையா? பி.எஃப். சந்தாதாரரும் ஒரு நுகர்வோர்தான் என்று 1999-இல் உச்ச நீதிமன்றம் சிவ் குமார் ஜோஷி வழக்கில் சொல்லிவிட்டது. அதனால் நுகர்வோர் நீதிமன்றத்தில் 2 ஆண்டுக்குள் நாமே மனு போடலாம், வக்கீல் கட்டாயமில்லை. வக்கீல் வேண்டுமென்றால், பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்ட உதவி மையத்தில் கேளுங்கள்.

சொந்தக்காரர் தகராறு செய்தால்?

ரயில்வே ஊழியர் ஒருவர் இறந்தபோது, அவருடைய உடன்பிறந்தவர் ஓர் உயிலைக் காட்டி எல்லாப் பணமும் தனக்கே என்றார். மனைவி விடவில்லை, உச்ச நீதிமன்றம் வரை போனார். குடும்ப ஓய்வூதியம் இறந்தவரின் சொத்து இல்லை, அதை உயில் எழுத முடியாது, விதிப்படி மனைவிக்கே சேரும் என்று 1991-இல் தீர்ப்பு வந்தது. "அண்ணன் பணம் எங்களுக்கும் உண்டு" என்று யாராவது சொன்னால் பயந்து எந்தக் காகிதத்திலும் கையெழுத்துப் போடாதீங்க.

கவனிக்க: 2025 நவம்பரில் புதிய சமூகப் பாதுகாப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்துள்ளது. மனு போடும் முன் அலுவலகத்தில் ஒருமுறை விவரம் கேட்டுக்கொள்ளுங்கள். ஓய்வூதியம் வரத் தொடங்கியபின் ஆண்டுக்கு ஒருமுறை உயிர்வாழ் சான்று தர மறக்காதீர்கள், இல்லையென்றால் நின்றுவிடும்.

குழுவில் பேசுவோம்

1. வீட்டுக்காரரின் பி.எஃப். எண் உங்களுக்குத் தெரியுமா?
2. நாமினியில் உங்கள் பெயர், பிள்ளைகள் பெயர் சரியாக இருக்கிறதா?
3. நம் குழுவில் பணம் வராமல் நிற்கும் சகோதரி யார்? அவருடன் அலுவலகம் போக யார் இருவர் வருகிறீர்கள்?

மூன்றாவது கேள்விக்கான பதிலைத் தீர்மான நோட்டில் எழுதி, அடுத்த கூட்டத்தில் என்ன ஆச்சு என்று கேளுங்கள்.